மாதம் எவ்வளவு ஓடும்?

2021 அக்டோபர் 7 அன்று மஹிந்திரா எக்ஸ்யூவி 700-க்கு முன்பதிவு திறந்தார்கள். 57 நிமிடங்களில் 25,000 பேர் பணம் கட்டிவிட்டார்கள். இரண்டு நாளில் அது 50,000 ஆனது. உலகமெங்கும் சிப் தட்டுப்பாடு இருந்த நேரம் அது. கட்டியவர்களில் பலருக்கு வண்டி கைக்கு வர ஒரு வருடத்துக்கு மேல் ஆனது. அப்படிக் காத்திருந்து வாங்கிய வண்டிகளின் மூன்றாண்டு அடிப்படை வாரண்டி இப்போது முடிந்துவிட்டது அல்லது முடியப்போகிறது. பலர் டயரை ஒருமுறை மாற்றியாயிற்று. ஏழு வருடக் கடன் போட்டவர்களுக்குத் தவணை மட்டும் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

பெரிய கிராஸ்ஓவர்களைப் பற்றி நிதானமாகப் பேசச் சரியான நேரம் இதுதான். புது வண்டி விமர்சனங்கள் முதல் சில நூறு கிலோமீட்டரில் எழுதப்படுபவை. ஷோரூமில் நடக்கும் டெஸ்ட் டிரைவ் அடுத்த சிக்னல் வரை போய்த் திரும்பிவிடும். ஐம்பதாயிரம், எழுபதாயிரம் கிலோமீட்டர் ஓட்டி, சொந்தப் பணத்தில் சர்வீஸ் பில் கட்டியவர்களுக்குத்தான் வண்டியின் குணம் தெரியும். அப்படிப்பட்டவர்களிடமும் அவர்களுடைய வண்டிகளுக்கு அடியில் படுத்து வேலை பார்க்கும் மெக்கானிக்குகளிடமும் பேசியபோது ஒரு விஷயம் மீண்டும் மீண்டும் முன்னால் வந்து நின்றது. ஒரே மாடல், ஒரே இன்ஜின், ஒரே வருடத்து வண்டியை வைத்துக்கொண்டு ஒருவர் கையெடுத்துக் கும்பிடுகிறார், இன்னொருவர் எப்போது விற்றுத் தொலைப்போம் என்கிறார். இருவருக்கும் உள்ள வித்தியாசம் பெரும்பாலும் வண்டியில் இல்லை. அது மாதம் எவ்வளவு ஓடுகிறது, எங்கே ஓடுகிறது என்பதில் இருக்கிறது. இருபது லட்ச ரூபாய் வண்டியை விற்கும் இடத்தில் இந்த ஒரு கேள்வியை வாடிக்கையாளரிடம் யாரும் கேட்பதில்லை என்பதுதான் என் ஆதங்கம்.

முதலில் கிராஸ்ஓவர் என்றால் என்ன என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். பழைய ஜீப், பொலேரோ, ஸ்கார்ப்பியோ, ஃபார்ச்சூனர் எல்லாம் லாரியைப் போல இரும்புச் சேஸிஸ் மேல் தனியாக பாடியைப் பூட்டிய வண்டிகள். கிராஸ்ஓவரில் சேஸிஸும் பாடியும் ஒன்றே. காரைப் போன்ற கட்டமைப்பு, ஜீப்பைப் போன்ற உயரம். அதனால் சொகுசு அதிகம், வளைவில் ஆட்டம் குறைவு. 2011 செப்டம்பரில் 10.80 லட்ச ரூபாய் தொடக்க விலையில் வந்த எக்ஸ்யூவி 500 இந்த வகையை நம் ஊர் நடுத்தரக் குடும்பங்களுக்கு அறிமுகப்படுத்தியது. அதற்கு அடுத்து வந்த 700, செங்கல்பட்டு அருகே மஹிந்திரா வேர்ல்டு சிட்டியில் உள்ள ஆராய்ச்சி மையத்தில் உருவானது. டாடா சஃபாரி, ஹாரியர், எம்ஜி ஹெக்டர் பிளஸ், ஹூண்டாய் அல்கசார் எல்லாம் இந்த வரிசைதான். 2022 கடைசியில் வந்த இன்னோவா ஹைகிராஸும் சேஸிஸைக் கைவிட்டு இந்தக் கட்டமைப்புக்கு மாறிவிட்டது. வீட்டில் தாத்தா பாட்டியோடு சேர்த்து ஏழு பேர் இருந்தால் இவற்றில் ஏழு சீட் உள்ளவற்றைத் தவிர வேறு பக்கம் பார்ப்பதே கஷ்டம்.

புகைக்கூண்டில் சிக்கும் பணம்

டீசல் வண்டி வைத்திருப்பவர்களின் புகாரில் முதலிடம் டி.பி.எஃப். எனும் கரி வடிகட்டிக்கு. 2020 ஏப்ரல் 1 முதல் பி.எஸ்.6 விதி வந்தபின் எல்லா டீசல் கார்களிலும் இது உண்டு. புகையில் வரும் கரித்தூளைத் தேன்கூடு போன்ற பீங்கான் அறைகள் பிடித்து வைக்கும். அறைகள் நிரம்பியதும் அந்தக் கரியை எரித்துச் சுத்தம் செய்ய வேண்டும். அதற்கு 600 டிகிரி அளவுக்குச் சூடு தேவை. வண்டியே கொஞ்சம் கூடுதல் டீசலைப் பீய்ச்சி அந்தச் சூட்டை உண்டாக்கிக்கொள்ளும். ஆனால் அதற்குப் பதினைந்து இருபது நிமிடம் நிற்காமல், ஓரளவு வேகத்தில் ஓட வேண்டும். பாதியில் இன்ஜினை அணைத்தால் வேலை அரைகுறையாக நிற்கும். எரியாத டீசல் பிஸ்டன் வளையங்களைத் தாண்டி இன்ஜின் ஆயிலில் கலக்கும்.

என் மைத்துனர் அண்ணா நகரில் இருக்கிறார். டீசல், ஆட்டோமேட்டிக், ஏழு சீட். காலையில் குழந்தைகளைப் பள்ளியில் விடுவது, அங்கிருந்து அலுவலகம், சாயங்காலம் டியூஷன், கோயில். எல்லாமே வீட்டைச் சுற்றி சில கிலோமீட்டருக்குள். இன்ஜின் சூடாகும் முன்பே வண்டி நிறுத்துமிடம் வந்துவிடும். முதல் வருடம் பிரச்சினை இல்லை. அடுத்த மழைக்காலத்தில் டேஷ்போர்டில் மஞ்சள் விளக்கு வந்தது. சர்வீஸ் சென்டரில், "ஹைவேல ஒரு ரவுண்டு போயிட்டு வாங்க சார், சரியாயிடும்" என்றார்கள். போய் வந்தார், விளக்கு அணைந்தது. சில வாரத்தில் திரும்ப வந்தது. ஒவ்வொரு முறையும் அதே பதில். கடைசியில் வண்டியின் வேகம் தானாகவே மட்டுப்பட்டு, பாடி மேம்பாலத்தில் லாரிகளுக்கு நடுவே ஊர்ந்தபோதுதான் அவருக்கு பயம் வந்தது.

வேறொரு மெக்கானிக்கிடம் காட்டினோம். அவர் கம்ப்யூட்டரைச் செருகுவதற்கு முன்பே ஆயில் குச்சியை உருவினார். துணியில் துடைத்து மறுபடி விட்டு எடுத்தார். ஆயில் மேல் கோட்டைத் தாண்டி விரல் அளவுக்கு ஏறியிருந்தது. குச்சியை நீட்டி, "மோந்து பாருங்க சார்" என்றார். பெட்ரோல் பங்க்கில் நிற்கும்போது வருமே, அந்த வாடை. "ஆயில் குறைஞ்சாதான் எல்லாரும் பயப்படுவாங்க. ஏறினாத்தான் பயப்படணும். இது ஆயில் இல்ல சார், பாதி டீசல். டர்போவுக்கு இத வச்சு எப்படி உயவு கிடைக்கும்?"

அந்த ஆயிலை வடித்துவிட்டு, சாம்பல் குறைவாக விடும் சரியான தர ஆயிலை ஊற்றினார். கரி எரிகிறதே தவிர சாம்பல் எரியாது. அது வடிகட்டியிலேயே தங்கிவிடும். அதனால் விலை மலிவு என்று வேறு தர ஆயிலை ஊற்றுவதும் டி.பி.எஃப். ஆயுளைக் குறைக்கும் என்றார். கம்ப்யூட்டர் மூலம் கட்டாயமாகக் கரியை எரிக்க வைத்தார். பின்புறம் சூடான காற்று வீச, வண்டி அரைமணி நேரம் தன் போக்கில் உறுமிக்கொண்டு நின்றது. வடிகட்டி பிழைத்துக்கொண்டது. பிழைக்காமல் போயிருந்தால் புதிது மாற்றும் செலவு சில மாடல்களில் லட்சத்தைத் தாண்டும். அடைப்பு என்பது உற்பத்திக் குறையல்ல, ஓட்டும் முறையால் வந்தது என்று சொல்லி வாரண்டியில் கைவிரிப்பதும் நடக்கிறது.

இப்போது மைத்துனர் வாரம் ஒருமுறை, கூட்டம் அடங்கியபின் வண்டலூர்–மீஞ்சூர் வெளிவட்டச் சாலையில் வண்டியை விடுகிறார். அதற்கான டீசலும் நேரமும் தனிச் செலவு. "இதை வாங்குறப்போ ஒருத்தன் சொல்லியிருந்தா பெட்ரோலே எடுத்திருப்பேனே மச்சான்" என்று அவர் சொல்லும்போது எனக்குப் பதில் இல்லை. சொல்ல வேண்டியவர்கள் சொல்லவில்லை. கையேட்டில் இருக்கிறது என்பார்கள். இருக்கிறது, ஆங்கிலத்தில், நூற்றுக்கணக்கான பக்கங்களுக்கு நடுவில். தமிழ்நாட்டில் விற்கும் டீசல் வண்டிக்கு, சாவி கொடுக்கும் முன் ஒரே ஒரு பக்கத்தில் தமிழில் எழுதிக் கையெழுத்து வாங்கினால் எத்தனையோ குடும்பங்கள் தப்பிக்கும். அதைச் செய்ய எந்த நிறுவனத்துக்கும் பெரிய செலவில்லை.

வடிகட்டியைக் கழற்றி எறிந்துவிட்டு மென்பொருளை மாற்றித் தருகிறோம் என்று சில பட்டறைகளில் ஆசை காட்டுவார்கள். அது சட்டப்படி குற்றம். அதைவிட, உங்கள் பின்னால் பைக்கில் வருபவரின் நுரையீரலுக்கு அந்தக் கரி நேராகப் போகும். செய்யாதீர்கள்.

இதே வகை டீசல் வண்டியை வைத்திருக்கும் இன்னொருவரைச் சொல்ல வேண்டும். கரூரில் வீட்டு உபயோகத் துணி ஏற்றுமதி செய்கிறார். தூத்துக்குடி துறைமுகம், சென்னை, பெங்களூரு என்று வாரம் முழுக்க நெடுஞ்சாலைதான். ஓடோமீட்டர் லட்சத்தைத் தாண்டிவிட்டது. டி.பி.எஃப். விளக்கை அவர் பார்த்ததே இல்லை. தொண்ணூறாயிரம் கிலோமீட்டரில் கிளட்ச் செட் மாற்றியதும், முன் சஸ்பென்ஷனில் புஷ்ஷும் லிங்க் ராடும் மாற்றியதும்தான் பெரிய வேலை. ஏழு பேரோடும் மூட்டை முடிச்சோடும் இரண்டரை டன் அளவுக்கு எடை ஏறும் ஒரு வண்டிக்கு அது நியாயமான தேய்மானம்தான். லிட்டருக்குப் பதினைந்துக்கு மேல் கிடைக்கிறது என்கிறார். "மூணு மணி நேரம் ஓட்டினாலும் இடுப்பு வலிக்கல. அடுத்ததும் இதேதான் எடுப்பேன்."

டீசல்காரர்களுக்கு இன்னொரு செலவு டி.இ.எஃப். எனும் யூரியாக் கரைசல். 32.5 சதவீதம் யூரியா, மீதி கனிமம் நீக்கிய தண்ணீர். புகையில் உள்ள நைட்ரஜன் ஆக்சைடை இது நைட்ரஜனாகவும் தண்ணீராகவும் மாற்றுகிறது. தொட்டி காலியானால், அணைத்த வண்டி மறுபடி ஸ்டார்ட் ஆகாது. பணமாகப் பார்த்தால் பெரிய செலவில்லை. ஆனால் லாரிக் கடைகளில் வாளியில் திறந்து வைத்திருப்பதை வாங்கி ஊற்றி, தொட்டியின் வாயைச் சுற்றி வெள்ளை உப்பாகப் பூத்து, பம்ப்பும் சென்சாரும் கெட்டுப்போன கதைகள் உண்டு. சீல் உடையாத கேன்தான் வாங்க வேண்டும். டீசல் தொட்டியில் தவறி ஊற்றிவிட்டால் வண்டியை ஸ்டார்ட் செய்யவே கூடாது.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம்

சென்னையில் பெட்ரோல் லிட்டர் 100 ரூபாயை ஒட்டி, டீசல் 92 ரூபாயை ஒட்டி என்று வைத்துக்கொள்வோம். வருடம் 12,000 கிலோமீட்டர், பெரும்பாலும் நகர ஓட்டம். இரண்டு லிட்டர் டர்போ பெட்ரோல் கிராஸ்ஓவர் ஒன்று நகரத்தில் லிட்டருக்கு ஒன்பது கொடுத்தால் வருடத்துக்கு 1,33,000 ரூபாய் ஆகும். டீசல் பதின்மூன்று கொடுத்தால் 85,000. வித்தியாசம் 48,000. இதைப் பார்த்தால் டீசல்தான் லாபம் என்று தோன்றும். மாத ஓட்டம் பாதியாகி, வருடம் 6,000 கிலோமீட்டர் என்றால் வித்தியாசம் 24,000 ஆகச் சுருங்கிவிடும். டீசல் வண்டிக்குக் கொடுத்த கூடுதல் விலை, அதற்கான வரி, யூரியா, அடிக்கடி மாற்ற வேண்டி வரும் ஆயில், வெளிவட்டச் சாலைப் பயணம் எல்லாம் சேர்ந்து அதையும் தின்றுவிடும். ஒரே ஒரு டி.பி.எஃப். பில் வந்தால் சில வருடச் சேமிப்பு போயிற்று. நகரத்துக்குள் மாதம் ஐந்நூறு அறுநூறு கிலோமீட்டர் மட்டும் ஓட்டுபவருக்கு டீசல் வேண்டாம் என்று நான் திட்டவட்டமாகவே சொல்வேன்.

மாருதி ஸ்விஃப்ட்டிலிருந்து நேராகப் பெரிய பெட்ரோல் கிராஸ்ஓவருக்கு வந்தவர்களுக்குத்தான் முதல் மாதம் அதிர்ச்சி. அடையாறிலிருந்து ஓ.எம்.ஆர். வரை நெரிசலில் லிட்டருக்கு ஏழு, எட்டு என்று திரை காட்டும்போது வண்டியில் ஏதோ கோளாறு என்று சர்வீஸுக்கு எடுத்துப் போகிறார்கள். கோளாறில்லை, அத்தனை எடையும் அகலமும் சிக்னலுக்குச் சிக்னல் நின்று கிளம்பினால் அவ்வளவுதான் கிடைக்கும். இருபது சதவீதம் எத்தனால் கலந்த பெட்ரோல் வந்தபின் இன்னும் சற்றுக் குறைந்திருக்கிறது. எத்தனாலில் பெட்ரோலைவிட மூன்றில் ஒரு பங்கு எரிசக்தி குறைவு என்பதே காரணம்.

நகர ஓட்டத்துக்கு உண்மையிலேயே பொருந்துவது ஹைப்ரிட். ஹைகிராஸ் ஹைப்ரிட்டின் சான்றளிக்கப்பட்ட மைலேஜ் 23.24. நடைமுறையில் நெரிசலில் பதினாறு வந்தால்கூட, மேலே சொன்ன 12,000 கிலோமீட்டருக்கு 75,000 ரூபாய்தான். டீசலைவிடக் குறைவு, கரி வடிகட்டித் தலைவலியும் இல்லை. நின்று நின்று போகும்போது பிரேக் சக்தியை பேட்டரி வாங்கிக்கொள்வதால் பிரேக் பேடும் மெதுவாகத் தேய்கிறது. ஹைப்ரிட் பேட்டரிக்கு எட்டு வருடம் அல்லது 1,60,000 கிலோமீட்டர் வாரண்டி. ஆனால் சாதாரண பெட்ரோல் ஹைகிராஸைவிட விலை பல லட்சம் கூடுதல். அந்தப் பணத்தை எரிபொருளில் மீட்க நிறைய ஓட வேண்டும். டாக்ஸிக்காரர்கள் அதைத் தேடி வாங்குவதற்கும், ஞாயிற்றுக்கிழமை மட்டும் வண்டி எடுப்பவர்களுக்கு அது கட்டுப்படியாகாததற்கும் காரணம் ஒன்றுதான்.

வண்டி நகர்வதற்கு முன்பே போகும் பணத்தையும் சேர்க்க வேண்டும். 2023 நவம்பரில் திருத்திய சாலை வரிப்படி தமிழ்நாட்டில் 10 முதல் 20 லட்சம் வரையிலான காருக்கு 18 சதவீதம், 20 லட்சத்தைத் தாண்டினால் 20 சதவீதம். 19.90 லட்ச ரூபாய் வண்டிக்கு வரி 3,58,200. அதே வண்டியில் ஒரு மேல் வகையைத் தேர்ந்தெடுத்து 20.10 லட்சம் ஆனால் வரி 4,02,000. இருபதாயிரம் ரூபாய் வித்தியாசத்துக்கு 43,800 ரூபாய் கூடுதல் வரி. சன்ரூஃபுக்கு ஆசைப்படும் முன் இந்தக் கோட்டைப் பாருங்கள். பத்து லட்சத்துக்கு மேற்பட்ட காருக்குப் பிடிக்கும் டி.சி.எஸ். எனும் ஒரு சதவீத முன்வரித் தொகையை வருமான வரிக் கணக்கில் திரும்பப் பெறலாம். பலர் கேட்காமலே விட்டுவிடுகிறார்கள். புது வண்டிக்கு மூன்று வருட மூன்றாம் நபர் காப்பீட்டைச் சேர்த்தே கட்ட வேண்டும். 2022 ஜூனில் வந்த கட்டணப்படி 1,500 சி.சி.க்கு மேற்பட்ட இன்ஜினுக்கு 24,596 ரூபாய், அதற்குக் கீழே 1,000 சி.சி. வரை 10,640 ரூபாய். அல்கசார் ஒன்றரை லிட்டர் என்பதால் கீழ்க் கட்டணத்தில் வருகிறது; டீசல் சஃபாரியும் எக்ஸ்யூவி 700-ம் மேல் கட்டணத்தில். சுங்கச்சாவடிக்கு மட்டும் ஆல்டோவும் ஒன்றுதான், ஏழு சீட்டரும் ஒன்றுதான். 3,000 ரூபாய்க்கு 200 முறை கடக்கும் ஆண்டு பாஸ் 2025 ஆகஸ்டில் வந்தபின் அடிக்கடி ஊருக்குப் போகிறவர்களுக்கு இது நல்ல நிம்மதி.

சின்னச் சின்னதாக வருபவை

பெரிய கிராஸ்ஓவரின் வழக்கமான சர்வீஸ் பில் பயமுறுத்துவதில்லை. பத்தாயிரம் கிலோமீட்டருக்கு ஒருமுறை ஆயில், ஃபில்டர் என்று போய்விடும். எதிர்பாராமல் வருவது வேறு. பதினெட்டு அங்குலச் சக்கரத்துக்கு ஒரு டயரே பன்னிரண்டாயிரத்துக்குக் குறையாமல் கேட்கிறார்கள். நான்குக்குச் சேர்த்துக் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். வேகத்தடையில் இறக்கி ஏற்றுவது, பள்ளத்தில் அடிப்பது என்று நம் சாலைகளில் அலைன்மென்ட் சீக்கிரம் கலையும். கவனிக்காவிட்டால் உள்பக்கம் மட்டும் தேய்ந்து முப்பதாயிரத்திலேயே டயர் போய்விடும். குனிந்து பார்த்தாலொழிய அந்தத் தேய்மானம் கண்ணில் படாது.

முன் கண்ணாடி இன்னொரு புதுச் செலவு. தானாக பிரேக் பிடிக்கும் வசதி உள்ள வண்டிகளில் கேமரா அந்தக் கண்ணாடிக்குப் பின்னால்தான் இருக்கிறது. ஜல்லி லாரியிலிருந்து ஒரு கல் தெறித்துக் கண்ணாடி மாற்றினால் கேமராவையும் திரும்ப அளவெடுத்துப் பொருத்த வேண்டும். வெளியே ஏதோ ஒரு கடையில் மலிவாக மாற்றிவிட்டு, பிறகு வண்டி வெற்றுச் சாலையில் பிரேக் போடுகிறது என்று புலம்புகிறவர்கள் இருக்கிறார்கள்.

சன்ரூஃபைப் பற்றி யாரும் சொல்லாத ஒன்று. அந்தக் கண்ணாடியின் நான்கு மூலையிலும் தண்ணீர் வடிய மெல்லிய குழாய் உண்டு. வேப்பமரத்தடியில் நிறுத்தும் வண்டிகளில் பூவும் சருகும் போய் அதை அடைத்துவிடும். அடைமழையில் தண்ணீர் வழி தெரியாமல் கூரைத் துணி வழியாக இறங்கி, காலடிக் கம்பளத்துக்குக் கீழே தேங்கும். அங்கேதான் வயர் இணைப்புகள் ஓடுகின்றன. மழைக்காலத்துக்கு முன் ஒருமுறை குழாயைச் சுத்தம் செய்தால் போதும்.

எலி விஷயத்தில் யாரும் விதிவிலக்கில்லை. உயரமான வண்டி, வசதியாக ஏற இடம், உள்ளே கதகதப்பு. நிறுத்தியே வைத்திருக்கும் வண்டிகளில்தான் தொல்லை அதிகம். ஒரு வயர் கடிபட்டால் முழுக் கற்றையையும் மாற்றச் சொல்லி எஸ்டிமேட் தருகிறார்கள். தேர்ந்த எலக்ட்ரீஷியன் ஒருவர் அதே வயரை முறையாக இணைத்துத் தருவார், ஆனால் வாரண்டி போய்விடும் என்ற மிரட்டலுக்குப் பயந்து பலர் முழுத் தொகையையும் கட்டுகிறார்கள். காப்பீட்டில் இதற்கு என்ன வழி என்று பாலிசி எடுக்கும்போதே கேட்டு வைப்பது நல்லது.

திரையும் திரும்ப அழைப்பும்

அமெரிக்காவில் ஜே.டி.பவர் நிறுவனம் மூன்று வயதான கார்களின் உரிமையாளர்களிடம் ஆண்டுதோறும் கேட்டு அறிக்கை வெளியிடுகிறது. அண்மை ஆண்டுகளில் அதில் அதிகப் புகார் இன்ஜினிலோ கியரிலோ இல்லை. தொடுதிரை, போன் இணைப்பு போன்றவற்றில்தான். நம் உரிமையாளர்கள் சொல்வதும் அதேதான். திரை உறைந்து போகிறது, பின் கேமரா திடீரென்று கறுத்துவிடுகிறது, அப்டேட் போட்டபின் வேறொன்று வேலை செய்யவில்லை. இவற்றால் வண்டி நடுரோட்டில் நிற்பதில்லை, ஆனால் ஜாப் கார்டில் "பிரச்சினை கண்டறியப்படவில்லை" என்று எழுதித் திருப்பி அனுப்பும்போது மனிதர்களுக்கு வெறுத்துப்போகிறது. பிரச்சினை வரும்போது போனில் வீடியோ எடுத்து வைத்துக்கொள்வதுதான் பயன் தருகிறது என்று பலரும் சொன்னார்கள்.

உயிர் சம்பந்தப்பட்ட குறைகளுக்குத் திரும்ப அழைப்பு இருக்கிறது. 2023 ஆகஸ்டில், 2021 ஜூன் 8 முதல் 2023 ஜூன் 28 வரை தயாரான 1,08,306 எக்ஸ்யூவி 700 வண்டிகளில், இன்ஜின் பகுதி வயர் கற்றை உராய்ந்து அறுபட வாய்ப்பிருக்கிறது என்று மஹிந்திரா ஆய்வுக்கு அழைத்தது. வேலை இலவசம். இதை அந்த வண்டியின் தரக்குறைவுக்கு அடையாளமாக மட்டும் பார்ப்பது சரியல்ல. தானாக முன்வந்து அறிவித்துச் சரிசெய்வது நல்ல பழக்கம்; மறைப்பதுதான் ஆபத்து. 2021 ஏப்ரல் 1 முதல் நம் நாட்டில் ஏழு வருடத்துக்கு உட்பட்ட வண்டிகளை அரசே கட்டாயமாகத் திரும்ப அழைக்கச் சொல்லவும், ஒரு கோடி ரூபாய் வரை அபராதம் விதிக்கவும் விதி இருக்கிறது. உரிமையாளர்கள் பதிவு செய்யும் புகார்களின் எண்ணிக்கையை வைத்துத்தான் அது நகரும். வாட்ஸப் குழுவில் கொட்டித் தீர்க்கும் கோபத்தில் பாதியையாவது அரசிடம் முறையான புகாராகப் பதிவு செய்ய வேண்டும்.

வெள்ளம்

2015 டிசம்பரிலும், மிக்ஜாம் புயலின்போது 2023 டிசம்பரிலும் சென்னை ஒர்க்‌ஷாப்களில் மாதக் கணக்கில் வரிசை நின்றது. உயரமான வண்டி, தண்ணீரில் போகும் என்ற நம்பிக்கையில் இறக்கியவர்களே அதில் அதிகம் நஷ்டப்பட்டார்கள். காற்று இழுக்கும் வாய் வழியாகத் தண்ணீர் உள்ளே போனால் அதை அமுக்க முடியாமல் கனெக்டிங் ராடு வளைந்துவிடும். நின்ற வண்டியை மறுபடி ஸ்டார்ட் செய்து பார்ப்பதுதான் இன்ஜினைக் கொல்லும் காரியம். சாதாரணக் காப்பீட்டில் அந்தச் சேதத்தை, நீங்களே செய்துகொண்டது என்று தள்ளுவார்கள். சில ஆயிரம் ரூபாய்க்குக் கிடைக்கும் இன்ஜின் பாதுகாப்பு ஆட்-ஆன், வேளச்சேரி, முடிச்சூர் பக்கம் இருப்பவர்களுக்குக் கட்டாயம். தண்ணீரில் முங்கிய வண்டியின் பேட்டரி இணைப்பைக் கழற்றிவிட்டு, கட்டி இழுத்துத்தான் கொண்டுபோக வேண்டும்.

விற்கும்போது, வாங்கும்போது

மறுவிற்பனையில் சிலருக்கு வருத்தம் இருக்கிறது. 2024 ஜூலையில் எக்ஸ்யூவி 700-இன் மேல் வகையான ஏ.எக்ஸ்.7 விலையை 19.49 லட்சத்தில் தொடங்கும்படி நிறுவனமே குறைத்தது. 2025 செப்டம்பர் 22 அன்று ஜி.எஸ்.டி. மாறி, 50 சதவீதம் வரை இருந்த பெரிய வண்டிகளின் வரி 40 சதவீதமானதும் எல்லா நிறுவனங்களின் புது வண்டி விலையும் இறங்கியது. வரிசையில் நின்று முழு விலை கொடுத்தவர்களின் பழைய வண்டிக்கு மதிப்பு அதோடு சேர்ந்து இறங்கியது. அவர்கள் செய்த தவறு எதுவும் இல்லை. மூன்று, நான்கு வருடத்தில் மாற்றும் பழக்கமுள்ளவர்களுக்கு இது பெரிய அடி. எட்டு, பத்து வருடம் வைத்து ஓட்டுகிறவர்களுக்கு அவ்வளவாகப் பாதிப்பில்லை.

இதன் மறுபக்கம், இப்போது பழைய வண்டி வாங்குகிறவர்களுக்கு நல்ல விலை கிடைக்கிறது. ஆனால் டெல்லி வண்டிகள் விஷயத்தில் எச்சரிக்கை வேண்டும். தலைநகர் பகுதியில் பத்து வருடமான டீசல் வண்டிகளுக்குத் தடை வந்தபின், அங்கே ஓடிய எக்ஸ்யூவி 500 போன்ற வண்டிகள் தடையில்லாச் சான்றோடு தெற்கே வந்து குவிந்தன. விலை மலிவாகத் தெரியும். இங்கே மறுபதிவு, வரி, காப்பீடு எல்லாம் சேர்த்தால் அந்த மலிவு கரைந்துவிடும். ஓடோமீட்டரைக் குறைத்து வைப்பதும் சகஜம்.

எந்த ஊர் வண்டியானாலும் கம்பெனி சர்வீஸ் வரலாற்றைச் சேஸிஸ் எண் கொடுத்துக் கேளுங்கள். அதில் ஒவ்வொரு முறையும் பதிவான கிலோமீட்டர் இருக்கும். திரும்ப அழைப்பு வேலை முடிந்ததா என்று அதிலேயே தெரியும். முன் சீட்டின் கம்பளத்தைத் தூக்கிக் கையை வைத்துப் பாருங்கள், ஈரமோ சேற்று வாடையோ இருக்கக் கூடாது. பி.எஸ்.6 டீசல் என்றால் ஆயில் குச்சியை உருவி மேல் கோட்டைப் பாருங்கள். பிறகு ஸ்கேனர் வைத்திருக்கும் மெக்கானிக்கைக் கூட்டிப்போய், வடிகட்டியில் எத்தனை சதவீதம் கரி, கடைசியாக எப்போது எரிந்தது, சமீபத்தில் எத்தனை முறை பாதியில் நின்றது என்று படிக்கச் சொல்லுங்கள். அரைமணி வேலை. ஸ்கேனர் செருக விடமாட்டேன் என்று விற்பவர் சொன்னால் முன்பணம் கொடுக்காமல் கிளம்பி வந்துவிடுங்கள்.